கலைத்துப் போட்ட போக்கிமான் உலகம்

பழைய போக்கிமான் விளையாட்டு ஒன்றை எடுத்துக்கொண்டு, எந்தப் புல்வெளியில் எந்த உயிரினம் திரியும், எந்த எதிராளியிடம் எவை இருக்கும், வழியில் கிடக்கும் உருண்டைக்குள் என்ன பொருள் இருக்கும் என்பதையெல்லாம் குருட்டாம்போக்காகக் கலைத்துவிட்டு ஆடுவது இன்று ஒரு தனி வகை ஆட்டமாகவே வளர்ந்திருக்கிறது. கலைக்கும் வேலையைச் செய்யும் மென்பொருளுக்கு ரேண்டமைசர் என்று பெயர். கதை மாறாது, ஊர்கள் மாறா, சண்டையின் விதிகளும் பெரும்பாலும் மாறா. அந்த ஊர்களிலும் காடுகளிலும் எதிரே வந்து நிற்பவை மட்டும் மாறிவிடும். ஆண்டுக்கணக்கில் ஆடி ஆடி மனப்பாடமாகிப்போன ஒரு விளையாட்டை, மனப்பாடமாகத் தெரிந்தவர்களே மறுபடி முதல்முறை போல ஆட இது வழி செய்கிறது.

கலைப்பது என்ன என்று புரிய, கலைக்காத விளையாட்டு எப்படி அடுக்கப்பட்டிருந்தது என்று முதலில் தெரிய வேண்டும். போக்கிமான் ரெட், கிரீன் என்ற முதல் இரண்டு விளையாட்டுகளும் 1996 பிப்ரவரி 27 அன்று ஜப்பானில், நின்டெண்டோவின் கேம் பாய் கருவிக்காக வெளியாயின. கேம் ஃப்ரீக் நிறுவனத்தைத் தொடங்கிய சதோஷி தஜிரி, டோக்கியோவின் புறநகரான மச்சிதாவில் சிறுவயதில் பூச்சி பிடித்துச் சேர்த்தவர். வயலும் குளமும் போய்க் கட்டடங்கள் வந்த பிறகு வளரும் பிள்ளைகளுக்கும் அந்தத் தேடலின் சுகம் கிடைக்க வேண்டும் என்ற எண்ணமே இந்த விளையாட்டின் வித்து. 1998இல் அமெரிக்காவுக்கு ரெட், புளூ என்ற பெயர்களில் போனது. மொத்தம் 151 உயிரினங்கள். நம் ஊரில் பலருக்கும் போக்கிமான் தொலைக்காட்சித் தொடராகவே அறிமுகம் என்றாலும், தொடருக்கு முன்பே பிறந்தது விளையாட்டுதான்.

ஆடுபவர் பேலட் டவுன் என்ற சிற்றூரில் தொடங்குகிறார். பேராசிரியர் ஓக் மூன்று உயிரினங்களைக் காட்டி ஒன்றை எடுத்துக்கொள்ளச் சொல்கிறார்: புல் வகை பல்பசார், நெருப்பு வகை சார்மாண்டர், நீர் வகை ஸ்கர்ட்டில். வடக்கே போகும் ரூட் 1 பாதையின் புல்லில் பிட்ஜி என்ற பறவையும் ராட்டாட்டா என்ற எலியும் மட்டுமே கிடைக்கும். அவையும் லெவல் 2 முதல் 5 வரைதான். அடுத்து வரும் விரிடியன் காட்டில் புழுக்கள் மலிந்து கிடக்கும், எப்போதாவது ஒரு பிக்காச்சு தலைகாட்டும். காட்டைத் தாண்டினால் பியூட்டர் நகரின் ஜிம் எனப்படும் சண்டைக்கூடம். அங்கே புரோக் என்பவர் லெவல் 12 ஜியோடூட், லெவல் 14 ஓனிக்ஸ் என இரண்டு பாறை உயிரினங்களோடு காத்திருப்பார். பல்பசாரோ ஸ்கர்ட்டிலோ வைத்திருப்பவர் அவரைச் சுலபமாகக் கடந்துவிடலாம். சார்மாண்டரைத் தேர்ந்தவர் திணறத்தான் வேண்டும்.

இந்த ஏற்ற இறக்கம் தானாக அமைந்ததல்ல. முதல் தலைமுறை விளையாட்டில் ஒவ்வொரு பகுதிக்கும் பத்து இடங்கள் கொண்ட ஒரு பட்டியல் உண்டு. புல்லில் நடக்கும்போது ஓர் உயிரினம் எதிர்ப்பட்டால், அது எந்த இடத்திலிருந்து வர வேண்டும் என்பதற்கு 256 பங்கில் கணக்கு. முதல் இரண்டு இடங்களுக்குத் தலா 51 பங்கு, கடைசி இடத்துக்கு 3 பங்கு மட்டும். அரிய உயிரினத்தைக் கடைசி இடங்களில் வைத்து, ஆடுபவரைப் புல்லுக்குள்ளேயே சுற்றவிடுவது வடிவமைப்பாளர்களின் கைவண்ணம். முதல் சில மணி நேரத்தில் எலியும் புழுவும், பாதி வழியில் குதிரையும் நாயும், கடைசியில் நாகமும் பறவை அரசனும் என்று படிப்படியாக ஏறும் இந்த வரிசைதான் போக்கிமானின் முதுகெலும்பு. ஆனால் மூன்று நான்கு தடவை ஆடியவருக்கு இந்த வரிசை முழுக்க அத்துப்படி. எந்தக் குகையில் என்ன வரும், எட்டாவது ஜிம்முக்கு எதைக் கொண்டுபோனால் போதும் என்பது தூக்கத்தில் கேட்டாலும் வரும். தேடல் போய்விடுகிறது.

ரேண்டமைசர் கை வைப்பது அந்தப் பட்டியல்களில்தான். கேட்ரிட்ஜில் உள்ள விளையாட்டைக் கணினிக்கு நகல் எடுத்தால் கிடைப்பது ரோம் எனப்படும் ஒரே ஒரு கோப்பு. வெளிநாடுகளில் விற்ற ரெட், புளூ விளையாட்டுகளின் ரோம் 1 எம்.பி. அளவுதான், இன்றைய கைப்பேசியில் எடுக்கும் ஒரு படத்தை விடச் சிறியது. அந்தக் கோப்புக்குள் உயிரினங்களின் பலம், அவை கற்கும் தாக்குதல்கள், காட்டில் கிடைப்பவை, எதிராளிகளின் அணிகள் எல்லாம் எண்களாக, அட்டவணைகளாக உட்கார்ந்திருக்கின்றன. எந்த அட்டவணை எந்த முகவரியில் தொடங்குகிறது என்று தெரிந்துவிட்டால், எண்ணை மாற்றி எழுதுவது நிமிட வேலை. பிட்ஜியின் எண் இருந்த இடத்தில் வேறோர் எண்ணை எழுதினால், ரூட் 1இல் அது வந்து நிற்கும்.

முகவரியைக் கண்டுபிடிப்பதுதான் கடினம். பல ஆண்டுகளாகப் பலரும் சேர்ந்து இந்தக் கோப்புகளைத் துருவி ஆராய்ந்ததால்தான் ரேண்டமைசர் சாத்தியமானது. முதல் தலைமுறையில் ஓர் உயிரினத்தின் உள் எண்ணும், விளையாட்டின் கையேடான போக்கிடெக்ஸில் அதற்குத் தரப்பட்ட எண்ணும் ஒன்றல்ல. போக்கிடெக்ஸில் முதலாவதாக வரும் பல்பசாரின் உள் எண் 153. உள் எண் 1 காண்டாமிருகம் போன்ற ரைடனுக்கு உரியது. மொத்தம் 190 உள் எண்களில் 151 மட்டுமே நிரம்பியவை. மீதமுள்ள 39 வெற்றிடங்கள். அந்த வெற்றிடத்தை விளையாட்டு தவறுதலாக எடுத்துக்காட்டும்போது தோன்றுவதுதான் புகழ்பெற்ற மிஸ்ஸிங்நோ. ரேண்டமைசர் இந்த வெற்றிடங்களைக் கவனமாகத் தவிர்க்க வேண்டும். மியூ என்ற உயிரினத்துக்கு இன்னும் தனி ஏற்பாடு. விளையாட்டு ஏறக்குறைய முடிந்த நிலையில், பிழை பார்க்கும் கருவிகளை நீக்கியதால் கிடைத்த சுமார் 300 பைட் இடத்தில் ஷிகேகி மொரிமோட்டோ என்ற நிரலாளர் மியூவைச் சேர்த்தார். அதனால் மற்ற 150 உயிரினங்களின் பலம் பற்றிய விவரம் ஓரிடத்திலும் மியூவின் விவரம் வேறோர் இடத்திலும் இருக்கின்றன. கலைக்கும் மென்பொருள் இரண்டு இடத்தையும் படித்தாக வேண்டும். வழக்கமான ஆட்டத்தில் பிடிக்கவே முடியாத அந்த மியூ, கலைத்த ஆட்டத்தில் முதல் புல்வெளியிலேயே லெவல் 3இல் வந்து நிற்கலாம்.

இந்த வகையில் பரவலாகப் பயன்படுவது யுனிவர்சல் போக்கிமான் ரேண்டமைசர் என்ற இலவச மென்பொருள். ஜாவா மொழியில் எழுதப்பட்டது. மூல நிரல் எல்லோருக்கும் திறந்திருக்கிறது. முதலில் கேம் பாய் தொடங்கி நின்டெண்டோ டிஎஸ் வரையிலான ஐந்து தலைமுறை விளையாட்டுகளைக் கையாண்டது. பின்னர் வேறு ஆர்வலர்கள் அதே நிரலை எடுத்து வளர்த்த இசட்எக்ஸ் பதிப்பு 3டிஎஸ் விளையாட்டுகளுக்கும் நீண்டது. பயன்படுத்துவதும் எளிது. ரோம் கோப்பைத் திறந்து, வேண்டிய பெட்டிகளில் குறியிட்டு, சேமித்தால் புதிய கோப்பு தயார். அதை எமுலேட்டர் மென்பொருளில் ஓட்டலாம், அல்லது எழுதி அழிக்கக்கூடிய கேட்ரிட்ஜில் ஏற்றிப் பழைய கருவியிலேயே ஆடலாம்.

கலைப்பு என்றாலும் கணினி சொந்தமாக எதையும் தற்செயலாகச் செய்வதில்லை. விதை எண் என்ற ஒரு தொடக்க எண்ணைக் கொடுத்தால், அதிலிருந்து ஒரு சூத்திரத்தால் அடுத்தடுத்த எண்களைப் பிறப்பிக்கிறது. பார்ப்பவருக்கு ஒழுங்கற்றதாகத் தோன்றும் அந்த வரிசை, அதே விதை எண் கொடுத்தால் அப்படியே மறுபடி வரும். இதன் பயன் பெரிது. ஒரே ரோம், ஒரே மென்பொருள் பதிப்பு, ஒரே அமைப்பு, ஒரே விதை எண் ஆகியவற்றைக் கொண்டு சென்னையில் ஒருவரும் டொரன்டோவில் ஒருவரும் கலைத்தால், இருவருக்கும் அச்சு அசல் ஒரே உலகம் கிடைக்கும். யார் முதலில் முடிக்கிறார்கள் என்று பந்தயம் வைக்க அது போதும். எது எங்கே இருக்கிறது என்று இருவருக்குமே தெரியாது என்பதால், நினைவாற்றலுக்கு வேலையில்லாமல் சமயோசிதத்துக்கே போட்டி அமைகிறது.

எல்லாவற்றையும் எல்லை இல்லாமல் கலைத்தால் சுவை கூடும் என்று புதிதாக வருபவர்கள் நினைப்பதுண்டு. அப்படி நடப்பதில்லை. முதல் புல்லிலேயே பெரும்பலம் கொண்ட மியூட்டூ கிடைத்துவிட்டால் அதன் பிறகு ஆட்டத்தில் சண்டையே இருக்காது. கிடைப்பதெல்லாம் துள்ள மட்டுமே தெரிந்த மேஜிகார்ப் மீனாக இருந்தால் நகரவே முடியாது. நல்ல ரேண்டமைசரின் அருமை, அது கலைக்காமல் விட்டுவைக்க அனுமதிப்பவற்றில் இருக்கிறது. ஒத்த பலம் என்ற அமைப்பு அதற்கு ஓர் எடுத்துக்காட்டு. ஒவ்வோர் உயிரினத்துக்கும் உயிர்ப்புள்ளி, தாக்குதல், தற்காப்பு, வேகம் முதலியவற்றின் கூட்டுத்தொகை ஒன்று உண்டு. பிந்தைய தலைமுறைகளின் கணக்கில் கேட்டர்பி புழுவுக்கு 195, மியூட்டூவுக்கு 680. ஒத்த பலம் அமைப்பைத் தேர்ந்தால், ஓர் உயிரினத்துக்குப் பதிலாக அதன் கூட்டுத்தொகைக்கு நெருக்கமான வேறொன்றுதான் வரும். புழு இருந்த இடத்தில் இன்னொரு சிறிய உயிரினம், டிராகன் இருந்த இடத்தில் இன்னொரு பெரியது. வடிவமைப்பாளர்கள் கட்டிய ஏணி அப்படியே நிற்க, படிகள் மட்டும் புதியவை ஆகின்றன.

ஒன்றுக்கு ஒன்று என்ற அமைப்பு வேறு விதம். அதில் பிட்ஜிக்குப் பதில் லாப்ராஸ் என்று ஒருமுறை முடிவானால், விளையாட்டில் பிட்ஜி கிடைத்த எல்லா இடங்களிலும் லாப்ராஸே வரும். பழைய வரைபடத்தை நினைவில் வைத்திருப்பவர் அதைக் கொண்டே புதிய உலகைத் துப்பறியலாம். பழக்கமும் புதுமையும் கைகோக்கும் இந்த அமைப்பே பழைய ஆட்டக்காரருக்கு மிகப் பொருத்தமானது.

உயிரினங்களோடு நிறுத்தாமல் அவை கற்கும் தாக்குதல்களையும் கலைக்கலாம். இங்கேதான் எதிர்பாராத ஆபத்துகள் முளைக்கின்றன. டிராகன் ரேஜ் என்ற தாக்குதல், அடிப்பவரின் பலம் எதுவானாலும், எதிரியிடமிருந்து சரியாக 40 உயிர்ப்புள்ளிகளைப் பறிக்கும். மூல விளையாட்டில் இது வளர்ந்த உயிரினங்களிடமே இருக்கும் என்பதால் பெரிய கேடில்லை. கலைத்த ஆட்டத்தில் லெவல் 5 உயிரினம் ஒன்றுக்கு இது கிடைத்துவிட்டால் கதை வேறு. அந்த லெவலில் பெரும்பாலான உயிரினங்களுக்கு உயிர்ப்புள்ளி 20ஐ ஒட்டியே இருக்கும். எதிரே நிற்பது எதுவானாலும் ஒரே அடியில் விழும். ஆடுபவர் கையில் இருந்தால் முதல் ஜிம் காலி. எதிராளியின் கையில் இருந்தால் ஆடுபவர் காலி. எப்போதும் 20 புள்ளிகள் பறிக்கும் சானிக் பூமுக்கும் இதே குணம். ஆட்டத்தைக் குலைக்கும் தாக்குதல்களை விலக்கு என்று மென்பொருளில் தனிப் பெட்டி இருப்பதற்குக் காரணம் இத்தகையவையே.

2002இல் வந்த ரூபி, சஃபையர் விளையாட்டுகள் ஒவ்வோர் உயிரினத்துக்கும் இயல்பு என்ற ஒன்றைச் சேர்த்தன. அதைக் கலைத்தால் நடப்பது இன்னும் சுவையானது. ஸ்லேக்கிங் என்ற பெருங்குரங்கின் கூட்டுப் பலம் 670, அதாவது பழங்கதை நாயகர்கள் சிலருக்குச் சமம். அந்தப் பலத்தைக் கட்டிப்போட அதற்குச் சோம்பல் என்ற இயல்பு வைக்கப்பட்டிருக்கிறது. ஒரு முறை அடித்தால் அடுத்த முறை சும்மா இருக்கும். இயல்புகளைக் கலைத்ததும் சோம்பல் வேறெதற்கோ போய்விடும், ஸ்லேக்கிங் முழுப் பலத்தோடு எழுந்து நிற்கும். ஒரே ஓர் உயிர்ப்புள்ளி மட்டுமே கொண்ட ஷெடின்ஜாவின் கதை தலைகீழ். தன் வகைக்கு நேர் பகையான தாக்குதலைத் தவிர வேறெதுவும் தன்னைத் தொட முடியாது என்ற இயல்புதான் அதைக் காத்துவந்தது. அந்தக் கவசம் நல்ல உயிர்ப்புள்ளி உள்ள வேறோர் உயிரினத்துக்குப் போனால் அதை வீழ்த்துவது பெரும்பாடு. அதனால் இந்த ஓர் இயல்பை அனுமதிக்கலாமா என்று மென்பொருள் தனியாகவே கேட்கிறது. கேம் ஃப்ரீக் எவ்வளவு நுணுக்கமாக ஒன்றுக்கு ஒன்று ஈடு கொடுத்து வைத்திருந்தது என்பது, அந்த ஈடு குலையும்போதுதான் கண்ணுக்குத் தெரிகிறது.

பெரும்பாலானோர் வகைகளை மட்டும் கலைக்காமல் விட்டுவிடுகிறார்கள். நீர் நெருப்பை அணைக்கும், மின்சாரம் மண்ணைத் தொடாது என்ற உறவுகள் நிலையாக இருந்தால்தான் யோசித்து ஆட இடமிருக்கும். புரோக்கின் ஜிம்முக்குள் நுழையும்போது பாறைக்குப் பதில் மீனோ பேயோ நிற்கலாம். யார் நிற்கிறார்கள் என்பது பார்க்கும் வரை தெரியாது. பார்த்த பிறகு அதற்கு எது பகை என்பது தெரியும். ஜிம் வாரியாகத் தயாராகும் பழைய உத்தி இங்கே உதவாது. எதற்கும் ஈடு கொடுக்கும்படி பலவகை உயிரினங்களைக் கொண்ட அணியைக் கட்டவேண்டியிருக்கிறது. மூல விளையாட்டில் யாரும் திரும்பிப் பார்க்காத உயிரினங்களை வேறு வழியின்றி அணியில் சேர்த்து, அவற்றின் அருமையைக் கண்டுகொள்ளும் வாய்ப்பும் இதில்தான் வருகிறது.

ரேண்டமைசரோடு இரட்டைப் பிறவி போல ஒட்டிக்கொண்ட இன்னொரு வழக்கம் நஸ்லாக். 2010இல் நிக் ஃபிராங்கோ என்பவர் போக்கிமான் ரூபியைத் தாமே விதித்துக்கொண்ட இரண்டு விதிகளோடு ஆடி, அதைச் சித்திரக்கதையாக வரைந்தார். ஒரு பகுதியில் முதலில் எதிர்ப்படும் உயிரினத்தை மட்டுமே பிடிக்கலாம். சண்டையில் வீழ்ந்த உயிரினம் இறந்ததாகவே கணக்கு, மறுபடி பயன்படுத்தக்கூடாது. இந்த விதிகளோடு கலைத்த ரோமும் சேர்ந்தால் ஒவ்வொரு புல்வெளியின் முதல் அடியும் பதற்றம் நிறைந்ததாகிவிடும். இதன் உச்சம் கைசோ அயர்ன்மான் என்ற சவால். பெரும்பாலும் 2004இன் ஃபயர்ரெட் விளையாட்டைக் கலைத்து ஆடப்படுவது. ஒரே ஓர் உயிரினத்தை வைத்துக்கொண்டு, எதிராளிகளின் லெவலை ஒன்றரை மடங்காக்கி ஆட வேண்டும். அந்த உயிரினம் வீழ்ந்தால் புதிய விதை எண்ணோடு முதலிலிருந்து தொடங்க வேண்டும். ஆயிரக்கணக்கான முறை தொடங்கியும் முடிக்காதவர்கள் இதில் சகஜம்.

பார்வையாளர் முன் ஆடுவதற்கும் இந்த ஆட்டம் பொருந்திவந்தது. 2014 பிப்ரவரி 12 அன்று ட்விட்ச் என்ற நேரலைத் தளத்தில் தொடங்கிய ஒரு பரிசோதனையில், பல்லாயிரம் பேர் ஒரே நேரத்தில் கட்டளைகளைத் தட்டச்சு செய்து போக்கிமான் ரெட்டைக் கூட்டாக ஆடினார்கள். மார்ச் 1 அன்று முடித்தும்விட்டார்கள். அதே தொடரில் பின்னர் வந்த ஃபயர்ரெட் கலைக்கப்பட்ட பதிப்பு.

உயிரினங்களைக் கலைப்பதை விடப் பொருள்களைக் கலைப்பது கணினியியல் நோக்கில் சிக்கலானது. ரெட் விளையாட்டில் மரத்தை வெட்டக் கட் என்ற திறன் வேண்டும், அது எஸ்.எஸ். ஆன் கப்பலின் தலைவரிடம் கிடைக்கும். கடலைக் கடக்க சர்ஃப் வேண்டும். அது சஃபாரி ஸோனுக்குள் இருக்கும் ஒரு வீட்டில் கிடைக்கும். இவற்றைக் கண்டபடி கலைத்தால், கடலைக் கடக்கும் திறன் கடலுக்கு அப்பாலேயே போய் மாட்டிக்கொள்ளலாம். ஆட்டம் முடியவே முடியாது. இதைத் தவிர்க்க ஓர் அழகான உத்தி இருக்கிறது. மென்பொருள் ஒரு முக்கியப் பொருளைக் கையில் எடுத்துக்கொண்டு, இன்னும் வைக்கப்படாத மற்றப் பொருள்கள் எல்லாம் ஆடுபவரிடம் இருப்பதாக வைத்துக்கொள்கிறது. இந்த ஒன்று மட்டும் இல்லாமல் அவர் எங்கெல்லாம் போக முடியும் என்று கணக்கிட்டு, அந்த இடங்களுள் ஒன்றில் அதை வைக்கிறது. பிறகு அடுத்த பொருள். இப்படி வைத்தால் எந்தச் சாவியும் தன் பூட்டுக்குப் பின்னால் சிக்காது.

இந்த உத்தியை வளர்த்தெடுத்ததில் 1991இன் ஜெல்டா விளையாட்டான எ லிங்க் டு த பாஸ்டின் ரசிகர்களுக்குப் பெரும் பங்குண்டு. ஆர்க்கிபெலகோ என்ற திட்டம் அதையும் தாண்டி, வெவ்வேறு விளையாட்டுகளை ஆடும் பலரை ஒரே வலையில் இணைக்கிறது. போக்கிமான் எமரால்டு ஆடும் ஒருவரின் சர்ஃப் திறன், ஜெல்டா ஆடும் நண்பரின் நிலவறைப் பெட்டிக்குள் இருக்கலாம். நண்பர் அதைத் திறக்கும்வரை இவர் கரையில் நிற்க வேண்டும்.

ரேண்டமைசர் மென்பொருளுக்குள் விளையாட்டு கிடையாது. ஆடுபவர் ரோமைத் தாமே கொண்டுவர வேண்டும். தாம் வாங்கிய கேட்ரிட்ஜிலிருந்து அதற்கான கருவியால் நகல் எடுப்பதே நேர்மையான வழி. ரோம்களை இணையத்தில் பரப்புவதை நின்டெண்டோ பொறுத்துக்கொள்வதில்லை. 2018இல் அமெரிக்காவில் ஒரு ரோம் இணையதளத்துக்கு எதிரான வழக்கில் 1.2 கோடி டாலருக்கும் மேல் இழப்பீடு தீர்ப்பானது. கலைத்த ரோமை அப்படியே நண்பருக்கு அனுப்புவதும் விளையாட்டையே நகலெடுத்துக் கொடுப்பதாகும். விதை எண்ணையும் அமைப்புகளையும் அனுப்பினால் போதும். நண்பர் தம்முடைய ரோமிலிருந்து அதே உலகைப் பெற்றுக்கொள்வார்.

ஒரு விளையாட்டை முழுதாக ஒருமுறையாவது ஆடி முடித்தவருக்கே அதைக் கலைத்து ஆடுவது இனிக்கும். முதன்முறை கலைப்பவர் காட்டு உயிரினங்களையும் எதிராளிகளையும் ஒத்த பலத்தில் மாற்றிக்கொள்வது நல்லது. வகைகளைத் தொடவேண்டாம், குலைக்கும் தாக்குதல்களை விலக்கிவிடலாம். கவனிக்க வேண்டிய பெட்டிகள் இன்னும் இரண்டு உண்டு. கடாப்ரா, ஹான்ட்டர் போன்றவை இன்னொருவரோடு கேபிள் வழி பரிமாறினால் மட்டுமே அடுத்த வடிவம் எடுக்கும். தனியாக ஆடுபவருக்கு அது நடக்காது என்பதால், லெவல் 37இல் தானே மாறும்படி செய்ய ஒரு பெட்டி இருக்கிறது. கட், சர்ஃப் முதலியவற்றை எல்லா உயிரினங்களும் கற்கும்படி செய்வது மற்றொன்று. எந்தப் பகுதியில் எது, எந்த எதிராளியிடம் எது என்று எல்லாவற்றையும் எழுதிவைக்கும் பதிவுக் கோப்பு ஒன்றையும் மென்பொருள் கேட்டால் தரும். அதைச் சேமித்து வைத்துக்கொள்ளலாம். ஆட்டம் முடியும்வரை திறக்கக் கூடாது.